கவிழ்க்காத சிரட்டை

மேடையின் நடுவே அமர்ந்து, ஒரு சொல்லும் சொல்லாமலே இந்த அவையை அடக்கி வைத்திருக்கும் தலைவர், எங்கள் மஞ்சாடிவிளை வாசகசாலைக்கு மனை தந்து, மதில் தந்து, மழை ஒழுகாத கூரையும் தந்த பெருமகனார் ஜான்ரோஸ் மாமா அவர்களே! மேடையில் ‘மாமா’ என்று சொல்லாதே என்று இப்போதுதான் என் காதில் ஓதினார்கள். தோழியின் தகப்பனாரை நான் வேறு எப்படி அழைத்துப் பழகினேன்? ஆகவே, மாமா அவர்களே!

ஆலயத்திலிருந்து வந்திருக்கும் சபை மூப்பர்களே! அய்யாவழி நிழல்தாங்கலில் விளக்கேற்றி வைத்துவிட்டு நேரே இங்கு வந்திருக்கும் பெரியவர்களே! அடுப்பில் மரச்சீனிக் கிழங்கை ஏற்றி வைத்துவிட்டு, அது வெந்ததோ, வெந்து கரிந்ததோ என்ற வேதனையை முகத்தில் மறைத்துக்கொண்டு முன்வரிசையில் அமர்ந்திருக்கும் அன்னையரே! கடல் கடந்து வேலை பார்க்கும் இடத்திலிருந்து கைப்பேசித் திரையில் என்னைப் பார்த்துக்கொண்டிருக்கும் அண்ணன்மாரே! நாற்காலி காலியாக இருந்தும் மதில்மேல் ஏறி உட்கார்ந்திருக்கும் தம்பிமாரே! உங்கள் அனைவருக்கும் என் பணிவான வணக்கம்.

ஒருத்தியை வரவேற்க மறந்துவிட்டேன். அழைப்பிதழில் பெயர் இல்லாதவள். அழைக்காமலே வந்தவள். நமக்கு முன்பே வந்து, நாற்காலிக்கு அடியில் நிழல் பார்த்து அமர்ந்தவள். மூன்றாம் வரிசையில் ஓர் அண்ணன் இப்போதுதான் கணுக்காலில் ஓங்கி அடித்தார். அடி விழுந்தது அண்ணன் காலில். அவள் எழுந்து அடுத்த நாற்காலிக்குப் போய்விட்டாள். சிரிக்கிறீர்கள். சிரியுங்கள். இன்னும் சற்று நேரத்தில் நான் சொல்லப்போகும் செய்திக்குச் சிரிக்க முடியாது.

வாசகசாலையின் ஆண்டு விழாவில் எனக்குத் தந்த தலைப்பு ‘வாசிப்பும் பெண்களும்’. நல்ல தலைப்பு. எழுதியும் வைத்திருந்தேன். எழுதிய தாள்களை வீட்டில் விட்டுவிட்டு, இந்தத் துணிப்பையைத் தூக்கிக்கொண்டு வந்திருக்கிறேன். தலைவர் என்னைத் திரும்பிப் பார்க்கிறார். மதில்மேலிருந்து சிஜோ கேட்கிறான், “ஷைஜாக்கா, பையில என்ன, பாயசமா?” இல்லை, சிஜோ. பாயசம் இல்லை. பொறு. நானும் பொறுத்துக்கொண்டுதான் நிற்கிறேன்.

அன்பார்ந்தவர்களே! இந்த ஊரில் என்னை அறிந்தவர்கள் அறிவார்கள், நான் பேச்சுக்குப் பிறந்தவள் அல்ல. வாசகசாலை மேசைக்கு அந்தப்புறம் உட்கார்ந்து, வாயைத் திறந்தால் “பக்கத்த மடக்காதீங்க” என்று மட்டும் சொல்லுகிறவள். அப்படிப்பட்டவளை மேடை ஏறச் செய்தது எது? ஏறிய பிறகும் இறங்கிவிடாமல் நிற்கச் செய்தது எது? ஒரு பெயர். பிரீனா.

பிரீனா நம் தலைவரின் ஒரே மகள். அதோ முன்வரிசையில், கைக்குட்டையைக் கசக்கிக்கொண்டு அமர்ந்திருக்கும் நேசபாய் மாமியின் ஒரே மகள். பள்ளிக்கூடத்தில் என் பக்கத்து இடத்துக்காரி. கருங்கல் ஊரில் வாழ்க்கைப்பட்டவள். தலைப்பிரசவத்துக்குத் தாய்வீடு வந்தவள். சொந்த வீட்டில், சொந்தக் கட்டிலில், தகப்பன் வைத்த மரங்களின் காற்றில் இளைப்பாறலாம் என்று வந்தவள். வந்த இடத்தில் அவளுக்கு என்ன கிடைத்தது? காய்ச்சல் கிடைத்தது. எலும்பை முறிக்கும் டெங்குக் காய்ச்சல். வயிற்றில் பிள்ளை, உடம்பில் தீ. இன்றுவரை நாகர்கோவிலில் ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடக்கிறாள்.

துணைக்குக் கூட்டிருக்க நான் போயிருந்தேன். ஒரு மதியம் என் கையைப் பிடித்து இழுத்தாள்.

“ஏட்டி ஷைஜா, எனக்க கையப் பாத்தியா?”

பார்த்தேன். தோலுக்கு அடியில் சிவப்புச் சிவப்பாய்ப் புள்ளிகள்.

“அம்மைட்ட சொல்லாண்டாம், கேட்டியா. பேடிச்சுப் போவும்.”

“நீ பேசாம கெட.”

“ஏட்டி, ஒண்ணு கேக்கட்டா? எனக்க ரத்தத்தைக் குடிச்சிட்டுப் போன அந்தக் கொசுவுக்கு இப்போ பிளேட்லெட் எவ்வளவு இருக்கும்?”

அந்த நிலையிலும் அவளுக்கு விளையாட்டு. நான் சிரித்தேன். சிரித்து முடிக்கும் முன்பே அவள் முகம் மாறியது. வயிற்றில் கையை வைத்துக்கொண்டு, மிக மெதுவாகச் சொன்னாள்: “காலையில இருந்து இது அனங்கல்ல ஏட்டி.”

அசையவில்லை. உள்ளே இருக்கும் பிள்ளை அசையவில்லை! தாய்மாரே, அந்தச் சொல்லின் கனம் உங்களுக்குத் தெரியும். நான் எப்படி ஓடினேன், யாரைக் கூப்பிட்டேன், எந்தக் கதவில் இடித்தேன், எனக்கு நினைவில்லை. நர்ஸ் வந்தார். கருவியை வயிற்றில் வைத்தார். ஒன்றும் கேட்கவில்லை. இடம் மாற்றி வைத்தார். ஒன்றும் கேட்கவில்லை. மறுபடி மாற்றினார். நனைந்த துணியை யாரோ வேகவேகமாகத் துவைப்பதுபோல் ஓர் ஓசை! இருக்கிறது! பிள்ளை இருக்கிறது! பிரீனா அழுதாள். நான் அழுதேன். நர்ஸ் மட்டும் அழவில்லை. “ரெண்டு பேரும் ஒச்ச போடாதீங்க, எண்ணணும்” என்றார்.

காய்ச்சல் இப்போது இறங்கியிருக்கிறது. தட்டணுக்கள் ஏறிக்கொண்டிருக்கின்றன. திங்கட்கிழமை வீட்டுக்குப் போகலாம் என்கிறார்கள். கைதட்டுகிறீர்கள். தட்டாதீர்கள். கேள்வியே இனித்தான் இருக்கிறது. போகலாம், சரி. எந்த வீட்டுக்கு?

கருங்கல்லுக்கா? அங்கே கணவர் வெளிநாட்டில். மாமியாரோ இடுப்பு முறிந்து படுக்கையில். அவளை எடுத்துப் பார்க்க ஆள் இல்லை. மஞ்சாடிவிளைக்கா? இங்கே பார்க்க ஆள் உண்டு. அம்மை உண்டு. அப்பன் உண்டு. கூப்பிட்ட குரலுக்கு ஓடிவர அக்கம்பக்கம் உண்டு. கூடவே, அவளைக் கடித்த கொசுவும் உண்டு!

டாக்டர் சொன்னதை அப்படியே சொல்லுகிறேன். இந்த நோயில் நான்கு வகை உண்டு. ஒரு வகை வந்து போனவருக்குப் பிறகு வேறொரு வகை வந்தால், முன்னதைவிடக் கொடிதாகலாம். போதாததற்கு, அதே கொசு மூட்டை முடக்கும் சிக்குன்குனியாவையும் சுமக்கும். பிரசவ வேளையில் அது தாயைத் தொட்டால், பிறக்கிற பிள்ளையையும் தொடும். “வீட்டைச் சுற்றித் தண்ணீர் தேங்கி நிற்கிறதா?” என்று டாக்டர் கேட்டார். போனில் தலைவர் பதில் சொன்னதை நானே கேட்டேன்.

“ஒரு சொட்டு வெள்ளம் கெட்டி நிக்கல்ல டாக்டரே. எனக்க முற்றத்துல இலை போடாம சோறு தின்னலாம்.”

உண்மை! முற்றிலும் உண்மை. மாமா பொய் சொல்லுகிறவர் அல்லர். பூச்சட்டியின் அடித்தட்டைக் கவிழ்த்தவர் அவர். தண்ணீர்த் தொட்டிக்கு மூடி போட்டவர் அவர். பிரிட்ஜுக்குப் பின்னால் தட்டு இருப்பது நம்மில் எத்தனை பேருக்குத் தெரியும்? அதையும் இழுத்துத் துடைத்தவர் அவர்.

அப்படியானால் கொசு எங்கிருந்து வந்தது?

ஊர் சும்மா இருந்ததா? இல்லை. ஊர் விசாரணை நடத்தியது. குளம்தான் குற்றவாளி என்றோம். ஆகாயத்தாமரையை அள்ளிக் கரையில் குவித்தோம். காய்ச்சல் நின்றதா? சந்தைதான் குற்றவாளி என்றோம், மீன்காரர்களை விரட்டினோம். காய்ச்சல் நின்றதா? வடக்கே எங்கோ இருந்து பிழைக்க வந்து, ரப்பர்த் தோட்டத்தில் பால்வெட்டு வேலை செய்யும் பிள்ளைகளின் கொட்டகைதான் குற்றவாளி என்றோம்; ‘சாமான எடுத்துட்டு எறங்கு’ என்றோம். அவர்களும் இறங்கினார்கள், மழையில். காய்ச்சல் நின்றதா? கொசுவுக்குப் புகை அடிக்கும் வண்டி வந்தது. தெருவெங்கும் வெண்புகை. அன்று சிஜோ சொன்னான்: “கொசு எல்லாம் குலசேகரத்துக்குப் பஸ் ஏறிப் போச்சு. புகை அடங்கின பொறவு ரிட்டர்ன் வரும்.” ஊரே சிரித்தது. ஆனால் அவன் சொன்னபடிதான் நடந்தது.

ஏன் நடந்தது? நாம் எதிரியின் முகத்தைப் பார்க்காமலே போருக்குப் போனோம். அதனால்.

கொசு என்றால் ஒரே குலம் என்று எண்ணினோம். ஒன்றல்ல, பல குலம். அழுக்குச் சாக்கடையில் பிறந்து, விளக்கணைத்த பின் காதோரம் பாடி, காலில் யானைக்கால் நோயை ஏற்றுகிறவள் ஒருத்தி. சுவரில் உட்காரும்போது தலையைத் தாழ்த்தி வாலை உயர்த்தி, தலைகீழாய் நிற்பவள்போல் அமர்ந்து, மலேரியாவைச் சுமக்கிறவள் இன்னொருத்தி. நாம் அள்ளிக் குவித்த ஆகாயத்தாமரையின் வேரில் குழல் குத்தி மூச்சு வாங்கி வளர்கிறவள் வேறொருத்தி. திற்பரப்பு அருவியில் குளிக்கிறவர்களின் கணுக்காலில் இரத்தப் பொட்டு வைக்கும் குட்டிக் கறுப்பு ஈ கொசுவே அல்ல. தேங்கிய நீர் அதற்கு ஆகாது, பாய்கிற நீர்தான் அதன் வீடு. ஒவ்வொருத்திக்கும் ஒரு நீர். ஒவ்வொருத்திக்கும் ஒரு நேரம். ஒவ்வொருத்திக்கும் ஒரு நோய்.

பிரீனாவைக் கடித்தவள் யார்? கறுப்பு உடம்பு. கால்களில் வெள்ளை வளையல். நடு முதுகில் பவுடரால் இழுத்ததுபோல் ஒற்றை வெள்ளைக் கோடு. பகலில் வருவாள். காலை வெயில் ஏறும்போது வருவாள். மாலை வெயில் சாயும்போது வருவாள். இப்போது வெயில் சாய்கிறதே, இதுதான் அவள் நேரம். காதில் பாடமாட்டாள். காலைத் தேடுவாள். சாக்கடை அவளுக்கு அருவருப்பு. மழைநீர்தான் அவளுக்கு வேண்டும். தெருவில் மாலை மங்கியபின் புகை அடித்தால் அவளுக்கு என்ன? அவள் மரநிழலில் அடங்கிவிட்டாள். அவள் பிள்ளைகள் தண்ணீருக்குள் பத்திரம்.

ஆம், பிள்ளைகள்! கடிக்கிறவள் எப்போதும் பெண்தான். ஆண் கொசு பூந்தேன் குடித்துவிட்டுப் போய்விடும். ஏன் சிரிக்கிறீர்கள், தாய்மாரே? நான் வேறு யாரையும் சொல்லவில்லை. அவள் நம்மைத் தேடி வருவது பசிக்காக அல்ல, முட்டைக்காக. அவளும் பிள்ளைத்தாய்ச்சிதான். ஒரு பிள்ளைத்தாய்ச்சி தன் பிள்ளைகளுக்காக இன்னொரு பிள்ளைத்தாய்ச்சியின் இரத்தத்தை எடுத்தாள். எடுத்துக்கொண்டு நெடுந்தூரம் போனாளா? அதுதான் இல்லை! இந்தக் குலத்துக்காரி தொலைதூரம் பறக்கமாட்டாள். பிறந்த இடத்தைச் சுற்றியே திரிவாள். ஊர்க்கோடிக் குளத்திலிருந்து அவள் வரவில்லை. சந்தையிலிருந்து வரவில்லை. கடித்த இடத்துக்குப் பக்கத்தில்தான் அவள் பிறந்த இடம். கட்டிலுக்குப் பக்கத்தில். சன்னலுக்கு வெளியே.

இப்போது பையைத் திறக்கிறேன்.

பயப்படாதீர்கள். வாயில் வலைத்துணி கட்டியிருக்கிறது. கண்ணாடிக் குப்பி, உள்ளே கொஞ்சம் மழைநீர். முன்வரிசைக்குத் தெரியும்; பின்வரிசைக்குச் சொல்லுகிறேன். எடுத்த அன்று இதில் புழுக்கள் மட்டும் இருந்தன. தலைகீழாய்த் தொங்கி, நெளிந்து, நூல் துண்டுபோல் துடித்தன. முந்தாநாள் சில சுருண்டு, காற்புள்ளிபோல் ஆகியிருந்தன. சற்றுமுன் மேடை ஏறும்போது பார்த்தேன். வலைத்துணிக்கு அடியில் கறுப்பாய் ஒன்று உட்கார்ந்திருந்தது. இப்போது... இரண்டு. காலில் வளையல். முதுகில் கோடு. நான் பேசிக்கொண்டிருக்கும்போதே இங்கே ஒரு பிறப்பு நடந்திருக்கிறது.

எங்கிருந்து எடுத்தேன் இந்த நீரை? சொல்லுங்கள். குளமா? இல்லை. ஓடையா? இல்லை. “அந்த வடக்கத்திக்காரன்மாருக்க கொட்டகை!” யாரது? இல்லை அண்ணா, இல்லை. அவர்களை அனுப்பிவிட்டீர்களே, இன்னும் அவர்கள் மேலேயா பழி?

புதன்கிழமை பிரீனா என்னிடம், “வீட்டில் போயி எனக்க நைட்டி ரெண்டு எடுத்துட்டு வாட்டி” என்றாள். போனேன். மாமி கடைக்குப் போயிருந்தார், வீடு பூட்டியிருந்தது. வீட்டுக்குப் பின்னால் மரநிழலில் காத்து நின்றேன். கையில் புத்தகம் இருந்தது. ஒரு பக்கம் படிக்க முடியவில்லை. முழங்கையில் ஒன்று, கழுத்தில் ஒன்று, காலில் கணக்கில்லை. பட்டப்பகலில்! அடித்த ஒன்றைக் கையில் வைத்துப் பார்த்தேன். வெள்ளை வளையல். நிமிர்ந்தேன். என் முகத்துக்கு நேரே மரத்தில் ஒரு சிரட்டை.

ரப்பர் மரத்தில் வடியும் பாலைப் பிடிக்க வைக்கும் தேங்காய்ச் சிரட்டை. தென்மேற்குப் பருவத்தின் இந்த இடவப்பாதி மழைக்குப் பால்வெட்டு நின்றுபோய், வேலையற்று, மரத்துக் கம்பியில் வாயை மலர்த்திக்கொண்டு நிற்கும் சிரட்டை. உள்ளே பால் இல்லை. மழைநீர். மழைநீரில் நெளிவு. அடுத்த மரத்துக்குப் போனேன். சிரட்டை, உள்ளே நெளிவு. அதற்கடுத்த மரம். நெளிவு. கண்ணுக்கு எட்டிய மட்டும் மரம். மரத்துக்கு மரம் சிரட்டை. சிரட்டைக்குச் சிரட்டை அவள் தொட்டில்! பிரீனா படுத்திருந்த அறையின் சன்னல் எந்தப் பக்கம் திறந்திருந்தது தெரியுமா? அந்தப் பக்கம்தான்.

மணி அடிக்கிறது. தலைவர் மணி அடிக்கிறார். என் நேரம் முடிந்ததாம். “ஏட்டி, இருக்கியவரப் பாத்துப் பேசு!” என்று ஒரு குரலும் வருகிறது. பார்த்துத்தான் பேசுகிறேன், அண்ணா. அதுதான் எனக்கு இத்தனை கடினமாயிருக்கிறது. மாமா, இன்னொரு முறை மணி அடித்தால் இறங்கிவிடுகிறேன். அதுவரை பேச விடுங்கள்.

மாமா மீது மட்டும் குற்றம் சொல்ல நான் வந்து நிற்கவில்லை. இங்கே தோட்டம் இல்லாத வீடு எது? எந்தத் தோட்டத்தில் சிரட்டை கவிழ்ந்திருக்கிறது? ஒன்றிலும் இல்லை. ஏன் இல்லை? நமக்குத் தெரியாதா, மழைநீர் கட்டும் என்று? தெரியும். கவிழ்க்கக் கையில்லையா? உண்டு. பிறகு ஏன்? வெளியூர்க்காரர் கேட்டால் நம்பமாட்டார். நாம் சொல்லவும் வெட்கப்படுவோம். நான் சொல்லுகிறேன்.

நம் ஊரில், மரம் மூத்துப் பால் வற்றி, தோட்டத்தை வெட்டி விற்கக் கொடுத்தால்தான் சிரட்டையைக் கவிழ்ப்போம். கவிழ்ந்த சிரட்டை கண்டால் தோட்டம் கைமாறுகிறது என்று பொருள். வீடு நொடித்துவிட்டது என்று பொருள். கிருஷ்ணமணி அண்ணன் இருக்கிறாரா? அதோ, சிரிக்கிறார். அண்ணா, உங்கள் கதையைச் சொல்ல அனுமதி தருகிறீர்களா? “சொல்லு மக்கா, எல்லாவனுக்கும் தெரிஞ்சதுதானே” என்கிறார். நன்றி, அண்ணா.

முன்பு ஒரு மழைக்காலம். பால்வெட்டுகிற தங்கப்பன் அண்ணன், வேலை நின்ற அன்று, கிருஷ்ணமணி அண்ணன் தோட்டத்துச் சிரட்டைகளை எல்லாம் நல்லெண்ணத்தோடு கவிழ்த்து வைத்துவிட்டுப் போனார். மறுநாள் காலை வாசலில் மர வியாபாரி.

“அண்ணே, தோட்டம் குடுக்கியளாமே? மரத்துக்கு என்ன வெல போட்டிருக்கிய?”

“எவன்ல சொன்னது?”

“சிரட்டை சொல்லுதே!”

அதே வாரம், அவர் மகளைப் பெண் கேட்டவர்கள் ‘கொஞ்சம் கழியட்டு’ என்று செய்தி சொல்லிவிட்டார்கள். கிருஷ்ணமணி அண்ணன் கொட்டும் மழையில், ஒரு கையில் குடையும் மறுகையில் மனைவியுமாக ஓடி, மரம் மரமாகச் சிரட்டையை நிமிர்த்தினார். வழியில் தங்கப்பன் அண்ணன் எதிர்ப்பட்டார்.

“வெள்ளம் கெட்டுமேன்னுதான் கமத்தினேன் அண்ணே...”

“நீ சிரட்டையவா கமத்தின? எனக்க மானத்தைல்லா கமத்திப்போட்ட!”

சிரித்தோம். கல்யாண வீட்டில் சொல்லிச் சிரித்தோம். சாவு வீட்டில் சொல்லிச் சிரித்தோம். நானும் சிரித்தேன். அந்தச் சிரிப்புக்குப் பிறகு யாராவது ஒருவர் மழையில் சிரட்டையைக் கவிழ்த்தோமா? மானம் நிமிர்ந்து நிற்க வேண்டும் என்று சிரட்டையை நிமிர்த்தி வைத்தோம். நிமிர்ந்த சிரட்டையில் மழை நிறைந்தது. நிறைந்த மழையில் முட்டை விழுந்தது. முட்டை பொரிந்தது, சிறகு முளைத்தது, சன்னல் வழியே வந்தது. நம் வீட்டுப் பெண் படுக்கையில் விழுந்தாள். மானம் நின்றது, மகள் சாய்ந்தாள்! இதற்குப் பெயர் மானமா? சொல்லுங்கள் பெரியவர்களே, இதற்குப் பெயர் மானமா?

தண்ணீரைக் கொட்டிவிட்டு மறுபடி நிமிர்த்தி வைத்தால் போதாதா என்று யாரோ கேட்கிறீர்கள். போதாது. அவள் முட்டையை நீரில் விடுவதில்லை. நீருக்கு மேலே, உட்சுவரில் ஒட்டுகிறாள். கொட்டினாலும் அது போகாது. மாதக்கணக்கில் காய்ந்து கிடக்கும். அடுத்த மழை தொட்டதும் விழிக்கும். தேய்த்துக் கழுவ வேண்டும். கழுவிக் கவிழ்க்க வேண்டும். ஒரு தோட்டம் கவிழ்த்து இன்னொரு தோட்டம் நிமிர்ந்து நின்றால், கவிழ்த்தவருக்குத் தலைகுனிவு, நிமிர்த்தியவருக்குக் கொசு. எல்லாத் தோட்டமும் கவிழ்ந்தால்? அப்போது எந்த வியாபாரி எந்த வாசலில் வந்து நிற்பான்? எல்லாச் சிரட்டையும் ஒன்றையே சொன்னால், அது நொடிப்பின் செய்தி அல்ல, மழையின் செய்தி. அவ்வளவுதான்!

ஆனால் ஒருவர் தொடங்க வேண்டும். எவர் தோட்டம் பெரிதோ, எவர் பெயர் பெரிதோ, எவர் கவிழ்த்தால் ஊர் மறுபேச்சுப் பேசாதோ, அவர் தொடங்க வேண்டும்.

பையில் இன்னும் ஒன்று இருக்கிறது. இதோ. பிரீனாவின் சன்னலுக்கு மிக அருகில் நின்ற மரத்தின் சிரட்டை. விளிம்பில் பழைய ஒட்டுப்பால் காய்ந்திருக்கிறது. கேளாமல் எடுத்தேன், மாமா, மன்னியுங்கள். உங்கள் முன்னால், இந்த மேசைமேல், அது மரத்தில் இருந்தபடியே நிமிர்த்தி வைக்கிறேன். இதைக் கவிழ்க்க எனக்கு உரிமை இல்லை. என் தோட்டம் அல்ல. நான் வைத்த மரமும் அல்ல. கூலிக்குப் பால்வெட்டப் போன காலத்திலிருந்து, குழி தோண்டி, கன்று நட்டு, வெயிலில் கறுத்து, ஒவ்வொரு மரமாக நீங்கள் உண்டாக்கினீர்கள் என்று பிரீனா சொல்லியிருக்கிறாள். ‘அப்பா சிரட்டையைக் கமத்தமாட்டாரு ஏட்டி, அது அவருக்கு உயிர் போறமாதிரி’ என்றும் சொல்லியிருக்கிறாள். உயிர் போவதுபோல் இருக்கும், மாமா. எனக்குத் தெரியும். ஆனால் அங்கே, ஆஸ்பத்திரியில்...

நான் நிறுத்திக்கொள்ளட்டுமா? தலைவரின் கை மணியின்மேல் இருக்கிறது. அவர் அடிக்கவும் இல்லை, எடுக்கவும் இல்லை.

யார் எழுந்திருப்பது? நேசபாய் மாமி. என்ன மாமி? “நிறுத்தாண்டாம் மக்கா” என்கிறார். மேடைக்கு வருகிறார். வழி விடுங்கள். மாமி, படி வழுக்கும், பார்த்து. மைக் வேண்டாமா? அவர் பேசுவது பின்வரிசைக்குக் கேட்காது, நான் சொல்லுகிறேன். தலைவரைப் பார்த்துச் சொல்லுகிறார்:

“தோட்டம் வித்துப்போச்சுன்னு சொல்லட்டு. ஊரு முழுக்கச் சொல்லட்டு. கருங்கல் வரைக்கும் போயிச் சொல்லட்டு. எனக்கு எனக்க மோளு வரணும்.”

சிரட்டையை எடுக்கிறார். இல்லை, எடுக்கவில்லை. தலைவர் அதைப் பிடித்திருக்கிறார். ஒரு சிரட்டையில் இரண்டு பேர் கை. அன்பார்ந்தவர்களே, சற்று அமைதியாக இருங்கள். கூரையில் தூறல் கேட்கிறதே, அதுபோதும்.

மாமா எழுந்து நிற்கிறார்.

சிரட்டையைத் திருப்புகிறார். உள்ளே பார்க்கிறார். விரலால் உட்சுவரைத் தடவுகிறார். என்னிடம் கேட்கிறார்: “இதுலயா ஒட்டியிருக்கும்?” ஆம் மாமா, அதில்தான். கண்ணுக்குக் கறுப்புப் புள்ளியாகத் தெரியும்.

கவிழ்த்துவிட்டார்.

கவிழ்த்துவிட்டார்! பார்த்தீர்களா, எல்லோரும் பார்த்தீர்களா? மேசைமேல், நம் எல்லோர் முன்னால், இந்த மழைக்கு மஞ்சாடிவிளையின் முதல் சிரட்டை கவிழ்ந்திருக்கிறது. எந்த வானமும் இடிந்து விழவில்லை. எந்த வியாபாரியும் வாசலில் இல்லை. தலைவர் ஏதோ சொல்லுகிறார். “நாளைக்கு ஆராதனை முடிஞ்சதும் எனக்க தோட்டத்துல இருந்து தொடங்கணும்” என்கிறார். கிருஷ்ணமணி அண்ணன் எழுந்து, “நாளைக்கு என்னத்துக்கு ஜான்ரோசே? மழ இன்னைக்குல்லா பெய்யுது!” என்கிறார். தலைவர் அவரைப் பார்க்கிறார். கூரையைப் பார்க்கிறார். வேட்டியை மடித்துக் கட்டுகிறார். படி இறங்குகிறார்! மாமா, உங்கள் முடிவுரை இருக்கிறது. நிகழ்ச்சி நிரலில் முடிவுரை இருக்கிறது... போய்விட்டார். குடைகூட எடுக்கவில்லை.

அவையோரே! தலைவர் இல்லாத மேடையில் பேச்சாளருக்கு வேலை இல்லை. மதில்மேல் இருக்கும் தம்பிமாரே, இறங்குங்கள். உயரத்துச் சிரட்டை உங்களுடையது. தாய்மாரே, தேய்க்கத் தேங்காய் நார் கொண்டு வாருங்கள். முழுக்கைச் சட்டை போட்டு வாருங்கள். சிஜோ, அந்தக் கொட்டகைப் பிள்ளைகள் எங்கே தங்கியிருக்கிறார்கள் என்று உனக்குத் தெரியும். போய்க் கூப்பிடு. வேலைக்கு அல்ல, ‘ஊரு தப்பாச் சொல்லிப்போட்டுது, திரும்பி வாங்க’ என்று சொல்லிக் கூப்பிடு. வெளிச்சம் இன்னும் கொஞ்சம் இருக்கிறது. திங்கட்கிழமை வரை நேரம் இருக்கிறது. அந்தச் சன்னலுக்கு வெளியே நிற்கும் மரத்திலிருந்து தொடங்குவோம். நனைந்த துணியைத் துவைப்பதுபோல் துடித்த அந்தச் சின்ன நெஞ்சு இந்த ஊருக்குள் வந்து இறங்கும் நாளில், வாய் மலர்ந்த ஒரு சிரட்டையும் அதை வரவேற்க நிற்கக் கூடாது.

என் பேச்சைக் கேட்ட பொறுமைக்கும், நடுவே எழுந்து கத்திய உரிமைக்கும், இறுதியில் படி இறங்கிய பெருந்தன்மைக்கும் நன்றி. இரு கையும் கூப்பி முடிக்க வேண்டும். ஒரு கையில் இந்தக் குப்பி இருக்கிறது. இதில் முதலில் வலைத்துணி வழியாகவே வெந்நீரை ஊற்றிவிட்டு, மீதி வணக்கத்தைத் தோட்டத்தில் வந்து சொல்லுகிறேன்.